சுருங்கிப்போன பெல்ட்

அந்தப் பெண் துணிப்பையிலிருந்து எடுத்து மேசைமேல் வைத்த பெல்ட் மடங்கவில்லை. காய்ந்த குச்சியாக விறைத்துக் கிடந்தது. பக்கத்தில் ஒரு மூக்குக்கண்ணாடியையும் ஒரு கைக்கடிகாரத்தையும் வைத்தாள். வேறு ஏதாவது மிச்சமிருக்கிறதா என்று பையை ஒருமுறை உதறிப் பார்த்துக்கொண்டாள்.

"இது என் வீட்டுக்காரரோட பெல்ட் இல்ல," என்றாள். "அவர் இடுப்பைச் சுத்தி இது முக்கால்வாசிகூட வராது. ஆனா கண்ணாடி அவரோடதுதான். நான் வேலை பாக்கற கண்ணாடிக்கடையில என் கையாலேயே பொருத்திக் குடுத்தது. அப்படின்னா, நாங்க அடக்கம் பண்ணின பெட்டியில இருந்தது யாரு?"

கேள்வி கேட்கப்பட்ட அறை நாடாளுமன்றக் கட்டடத்தின் பின்புறத்தில், ஜெனரேட்டர் ஓடும் சுவருக்கு ஒட்டினாற்போல் இருந்தது. ரகசிய உளவுத் துறையைக் கண்காணிக்கும் குழுவின் அலுவலகம் அது. கண்காணிக்கப்படும் துறைக்குப் பல மாடிக் கட்டடம். கண்காணிப்பவர்களுக்கு இரண்டு அறை, அதில் ஒன்றில் மழைக்காலத்தில் வாளி வைக்க வேண்டும். அலுவலகத்தில் யாரும் உளவுத் துறையைப் பெயர் சொல்லி அழைப்பதில்லை. "பக்கத்து வீடு" என்பார்கள். பக்கத்து வீட்டில் என்ன நடக்கிறது என்று கேட்டால் வாசலில் வைத்தே பதில் சொல்லி அனுப்பிவிடுவார்கள் என்பது அதற்குள் அடங்கிய வேடிக்கை.

குழுவின் விசாரணை அதிகாரி, காவல்துறையில் பாதி ஆயுளைக் கழித்துவிட்டு இங்கே வந்தவர். அவருக்கு எல்லோரும் வைத்திருந்த பெயர் நிதானம். பிரியமாகச் சொல்பவர்களும் உண்டு. கோப்பு நகரவில்லையே என்று பல்லைக் கடித்துக்கொண்டு சொல்பவர்களும் உண்டு. அவருக்கு உதவியாகத் தொழில்நுட்ப ஆலோசகர் என்ற பதவியில் ஒரு கால்நடை மருத்துவர் இருந்தாள். வேலைக்குச் சேர்ந்து ஓராண்டு ஆகவில்லை. எதைப் பார்த்தாலும் அதன் அடிவரை தோண்டிவிட வேண்டும் என்ற வேகம் இன்னும் வடியாதவள்.

அந்தப் பெண் விவரத்தைச் சொல்லச் சொல்ல, டாக்டர் நாற்காலியை முன்னே இழுத்துக்கொண்டே வந்தாள். நிதானம் அசையவில்லை.

கணவர் ஒரு விஞ்ஞானி. நகருக்கு வெளியே உள்ள கால்நடைத் தடுப்பூசி நிலையத்தில் வேலை. அந்தப் பெயர்ப்பலகையின் பின்னால் இருப்பது பக்கத்து வீடுதான் என்பது குழுவுக்குத் தெரியும். ஒரு காலத்தில் அங்கே போருக்கான கிருமிகளை வளர்த்தார்கள். விஷயம் வெளியே வந்து நாடே கொந்தளித்த பிறகு, சட்டம் போட்டு அதை மூடினார்கள். இப்போது மாட்டுக்குத் தடுப்பூசி மட்டும்தான் என்று ஆண்டுதோறும் குழுவுக்கு எழுத்தில் உறுதி வந்துகொண்டிருந்தது.

இரண்டு மாதத்துக்கு முன் கணவர் போன் செய்து, அவசர வேலை, சில நாள் அங்கேயே தங்க வேண்டும் என்றாராம். கடைசியாகப் பேசியபோது குரல் கம்மியிருந்தது. தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லை என்றார். அதற்குப் பிறகு பேசவில்லை. ஒரு காலையில் துறையிலிருந்து ஆட்கள் வந்தார்கள். புறவழிச் சாலையில் அவர் ஓட்டி வந்த கார் மரத்தில் மோதிவிட்டது, அந்த இடத்திலேயே உயிர் போய்விட்டது, முகம் பார்க்கும்படியாக இல்லை என்று சொல்லி, ஆணி அடித்த பெட்டியைக் கொடுத்தார்கள். காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டாள். இந்தச் சாமான்கள் சில வாரம் கழித்துத்தான் வந்தன. பெல்ட்டை வாங்கிப் பரிசளித்தவள் அவளுடைய நாத்தனார். அவள்தான் கையில் எடுத்ததுமே, "அண்ணி, இது அண்ணனோடது இல்ல," என்றாள். அன்றிலிருந்து நாத்தனார் வாசல் கதவுக்கு உள்தாழ்ப்பாள் போடுவதில்லை. அண்ணன் ஒருவேளை வந்தால் தட்ட வேண்டியிருக்கக் கூடாதாம்.

நிதானம் ஒரே ஒரு கேள்வி கேட்டார். சாமான்களைக் கொண்டுவந்து கொடுத்தது யார்?

துறையின் நலப்பிரிவிலிருந்து ஓர் இளைஞன் என்றாள் அவள். தங்கமான பிள்ளை. இறப்புக்குப் பிறகு தினமும் வந்து விசாரித்தான். வீட்டில் யாருக்காவது காய்ச்சல் உண்டா, தொண்டை வலி உண்டா என்று கேட்பான். துக்கத்தில் உடம்பு கெட்டுவிடும் என்ற கரிசனம். ஆனால் எவ்வளவு கூப்பிட்டாலும் கேட்டுக்கு வெளியேதான் நிற்பான். மூன்று வாரம் போனபின் ஒருநாள் தானாகவே உள்ளே வந்து உட்கார்ந்து டீ கேட்டு வாங்கிக் குடித்தான். இந்தச் சாமான்களைக் கொடுத்துவிட்டுக் கண் கலங்கினான். அதற்குப் பிறகு வரவில்லை.

"அவர் உயிரோட இருக்காரா சார்?" என்று எழுந்து நின்றபடி கேட்டாள்.

"பாத்துட்டுச் சொல்றேம்மா," என்றார் நிதானம். "எதுவா இருந்தாலும் நானே வந்து சொல்றேன்."

அவள் போன பிறகு டாக்டரால் உட்கார முடியவில்லை. ஆள் உயிரோடுதான் இருக்கிறார் என்பது அவள் கட்சி. எங்கேயோ பூட்டி வைத்திருக்கிறார்கள், அல்லது எல்லை தாண்டிவிட்டார். வேறொருவர் பெல்ட்டைத் தவறுதலாகச் சேர்த்து அனுப்பிவிட்டார்கள். நிதானம் மறுக்கவில்லை. கண்ணாடியை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார். இரண்டு வில்லைகளிலும் கீறல்கூட இல்லை. ஆனால் பிளாஸ்டிக் கைகள் இரண்டும் தளர்ந்து வெளிப்பக்கம் வளைந்திருந்தன. கடிகாரம் நின்றிருந்தது, அதன் மூடிக்கண்ணாடியின் உட்புறத்தில் ஈரம் படிந்து காய்ந்த வெண்தடம். பெல்ட்டின் துளைகள் ஒன்றோடொன்று இடிக்கும்படி நெருங்கியிருந்தன. பக்கிள் அகலமாக இருந்தது. அதில் கோத்திருந்த தோல்வார் அதற்குப் பொருந்தாத ஒல்லியாக இருந்தது. எல்லாவற்றையும் பழையபடி உறைக்குள் போட்டார்.

விசாரணைக்குக் குழுத் தலைவரின் கையொப்பம் வேண்டும். தலைவர் நான்கு முறை நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதியவர். நேர்மையானவர் என்று எதிர்க்கட்சிக்காரர்களே சொல்வார்கள். அந்தப் பெண் எழுதிக் கொடுத்த மனுவைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றி மூக்கின் மேல்பாகத்தைத் தேய்த்துக்கொண்டார்.

"இழுத்துப் பறிச்சுக்கிட்டுக் கிடந்து போன உயிர்," என்றார். "அதைப் போய் மறுபடி ஏன் கிளறணும்? சரி, பாருங்க. அந்தம்மா மனசு ஆறினா சரி."

கையெழுத்துப் போட்டுத் தாளை நீட்டினார். நிதானம் அதை வாங்கிக்கொண்டு, நன்றி சொல்வதற்குத் தேவையான நேரத்தைவிடச் சற்று அதிகமாக அங்கேயே நின்றார். பிறகு வெளியே வந்தார்.

கார் போக்குவரத்துக் காவல் நிலையத்தின் பின்னால் புல்லுக்கு நடுவே நின்றிருந்தது. முகப்பு நசுங்கி, முன்கண்ணாடி முழுக்க உதிர்ந்திருந்தது. டாக்டர் உள்ளே தலையை விட்டு மோந்து பார்த்தாள். தீப்பிடித்த தடம் இல்லை; தண்ணீரில் விழுந்த தடமும் இல்லை. ஓட்டுநர் இருக்கையில் உட்கார முயன்ற நிதானத்தின் முழங்கால் ஸ்டியரிங்கில் இடித்தது. இருக்கை அவ்வளவு முன்னால் இழுக்கப்பட்டிருந்தது. மோதலில் நகர்ந்திருக்குமோ என்று தடவிப் பார்த்தார். பூட்டு சரியாக விழுந்திருந்தது, இருக்கை நகரும் தண்டவாளமும் நேராகவே இருந்தது. இறந்தவரின் உயரத்தைப் பற்றி அந்தப் பெண் சொன்னது டாக்டருக்கு நினைவு வந்தது. வீட்டுக்குள் வரும்போதெல்லாம் நிலைப்படியில் குனிந்து வருவாராம்.

"ஓட்டினது வேற ஆள்," என்றாள் டாக்டர். "நான் சொல்லல? அவர் உயிரோடதான் இருக்கார் சார்."

நிதானம் முழங்காலைத் தடவிக்கொண்டார்.

தடுப்பூசி நிலையத்தில் அவர்களை இயக்குநர் வரவேற்கவில்லை, உடம்பு சரியில்லையாம். உளவுத் துறையின் துணை இயக்குநர் கூடவே நடந்தார். பளபளவென்று கழுவிய தாழ்வாரங்கள். மாட்டுத் தொழுவத்தில் நான்கு கொழுத்த பசுக்கள், விருந்தாளிகளைப் பார்த்துப் பழகியவைபோல் நின்றன. ஒரு சுவருக்குள் பதித்த இரும்புக் கதவைக் காட்டி அது என்ன என்று டாக்டர் கேட்டாள். சாமான்களைக் கிருமி நீக்கும் நீராவி அறை என்றார் துணை இயக்குநர். உள்பக்கம் ஒரு கதவு, வெளிப்பக்கம் ஒரு கதவு, நடுவில் வேகாமல் எதுவும் வெளியே வராது. அதற்கு அடுத்து ஒரு பூட்டிய அறை. கதவின் சிறு கண்ணாடி வழியே டாக்டர் எட்டிப் பார்த்தாள். ஒரு கட்டில், ஒரு நாற்காலி, இரட்டைக் கதவு, காற்றை உறிஞ்சும் பெரிய குழாய். ஊழியர்கள் ஓய்வெடுக்கும் இடம் என்று பதில் வந்தது.

திரும்பி வரும் வழியில் டாக்டர் மெல்லச் சொன்னாள்: "மாட்டுக்குத் தடுப்பூசி செய்யற இடத்துல, மனுஷனுக்கு எதுக்கு சார் தனி வார்டு?"

"உன் பழைய கல்லூரியில நீராவிப் பெட்டி இருக்குமில்ல?" என்று கேட்டார் நிதானம். "ஒரு தோல் பெல்ட் வாங்கித் தரேன். போட்டு எடுத்துட்டு வா."

மறுநாள் அவள் திரும்பி வந்தபோது, முகத்தில் அந்தப் பழைய வேகம் இல்லை.

அந்த வாரக் கடைசியில், ஒரு மத்தியான வேளையில், குழுவின் சிறிய கூட்ட அறையில் ஐந்து பேர் உட்கார்ந்தார்கள். மேசையின் தலைமாட்டில் தலைவர். ஒரு பக்கம் துணை இயக்குநரும் தடுப்பூசி நிலையத்தின் இயக்குநரும். இயக்குநர் நரைத்த, ஒடிசலான பெண்மணி. கைகளை மேசைக்கு அடியிலேயே வைத்திருந்தார். எதிரில் நிதானமும் டாக்டரும். ஜெனரேட்டர் ஓடிக்கொண்டிருந்ததால் எல்லோரும் வழக்கத்தைவிடச் சற்று உரக்கப் பேச வேண்டியிருந்தது. ரகசியம் பேசுவதற்கு ஏற்ற அறை அல்ல.

நிதானம் இரண்டு பெல்ட்டுகளை எடுத்து வைத்தார். இரண்டும் ஒரேமாதிரி குச்சியாக விறைத்திருந்தன. இரண்டிலும் துளைகள் நெருங்கியிருந்தன; பக்கிள் பெரிதாகவும் வார் ஒல்லியாகவும் இருந்தன.

"இதுல ஒண்ணு இறந்துபோனவரோடது. இன்னொண்ணு நான் கடையில வாங்கினது. டாக்டர் அதை நீராவியில வேகவெச்சு எடுத்திருக்காங்க. அந்தம்மா பெல்ட் வேற யாரோடதோன்னு நினைச்சாங்க. அவரோடதுதான். தோல் வெந்தா சுருங்கும், இரும்பு பக்கிள் சுருங்காது."

துணை இயக்குநர், விபத்தில் இன்ஜின் சூடு பட்டிருக்கலாம் என்றார்.

"காரைப் பாத்தேன். நெருப்பும் படல, தண்ணியும் படல. முன்கண்ணாடி தூள் தூளாப் போயிருக்கு, ஆனா அவர் மூக்குமேல இருந்த கண்ணாடியில ஒரு கீறல் இல்ல. அடி பட்டிருந்தா வில்லை உடையும். இங்க வில்லை உடையல, கைதான் இளகியிருக்கு. அது சூட்டோட வேலை. கடிகாரத்துக்குள்ள நீராவி போயிருக்கு. ஈரமும் சூடும் சேர்ந்து இந்த மூணு சாமான் மேலயும் பட்டிருக்கு, கார் மேல படல. அப்ப இந்தச் சாமான் அந்தக் கார்ல இருந்ததே இல்ல. உங்க இரும்புக் கதவுக்குள்ள இருந்திருக்கு."

குரலில் அவர் வெற்றி காட்டவில்லை. கணக்கை வாய்விட்டுக் கூட்டுகிறவர்போல் ஒன்றன்மேல் ஒன்றாகச் சொல்லிக்கொண்டே போனார். குட்டையான ஒருவர் அந்தக் காரை ஓட்டிப்போய் மரத்தில் மோதவிட்டிருக்கிறார். நெட்டையான விஞ்ஞானி அந்த இருக்கையில் உட்காரவே முடியாது. போனில் அவர் குரல் கம்மியது தண்ணீரால் அல்ல. சாலை விபத்தில் கணவரை இழந்தவளிடம் தினமும் வந்து காய்ச்சல் உண்டா என்று கேட்க வேண்டிய அவசியம் யாருக்கும் இல்லை. அவர் கடைசியாக வீட்டுக்கு வந்தபோதே வீட்டாருக்கும் நோய் தொற்றியிருக்குமோ என்ற பயம் இருந்தவர்களுக்குத்தான் அந்த அவசியம். அந்தப் பையன் வாசலுக்கு வெளியே நின்றது மரியாதையால் அல்ல. தொற்றியிருந்தால் தெரிந்துவிடும் காலம் முடிந்த அன்றுதான் உள்ளே வந்து டீ குடித்தான்.

"மூடியாச்சுன்னு எங்களுக்கு எழுதிக் குடுத்த வேலையை நீங்க மூடல," என்று முடித்தார். "அந்த வேலையில அவருக்குத் தொத்திடுச்சு. அந்தக் கட்டில்லதான் இறந்தார். பெட்டியில என்ன வெச்சீங்க?"

இயக்குநர்தான், தலை நிமிராமல், மணல் மூட்டை என்றார். உடலை நிலையத்துக்குள்ளேயே எரிக்க வேண்டியிருந்தது; விதி அப்படி.

"அந்தச் சாமானையும் எரிச்சிருக்கலாமே," என்று டாக்டர் கேட்டாள். "ஏன் குடுத்து அனுப்பினீங்க?"

"அவர் கேட்டார்," என்றார் இயக்குநர். "என் சாமான் அவ கைக்குப் போகணும்னார். நீராவியில வெந்துடும்னு எனக்குத் தெரியும். அவங்க கண்ணாடிக்கடையில வேலை பாக்கறாங்கன்னும் தெரியும். மறுக்க மனசு வரல."

துணை இயக்குநர் அவரைத் திரும்பிப் பார்த்த பார்வையில் கோபத்தைவிடச் சலிப்பே அதிகம் இருந்தது. இதெல்லாம் நாட்டின் பாதுகாப்பு சம்பந்தப்பட்டது, இந்த அறையைத் தாண்டி ஒரு வார்த்தை போகக்கூடாது என்று நினைவூட்டினார். எதிரி நாடுகள் இதைவிட மோசமானதைச் செய்துகொண்டிருக்கின்றன என்றார். அதை அவர் நம்பித்தான் சொன்னார்.

"இன்னும் ஒண்ணு பாக்கி," என்றார் நிதானம். இப்போது அவர் தலைவரின் பக்கம் திரும்பியிருந்தார். "அந்த இடத்துலயே உயிர் போயிடுச்சுன்னுதான் போலீஸ் அறிக்கை. மனுவுலயும் அப்படித்தான் இருக்கு. ஐயா மட்டும், இழுத்துப் பறிச்சுக்கிட்டுக் கிடந்து போன உயிர்னு சொன்னீங்க. கார் மோதி ஒரு நொடியில போறவங்களை யாரும் அப்படிச் சொல்ல மாட்டாங்க."

டாக்டர் பேனாவைக் கீழே வைத்தாள். அந்த வார்த்தையை அவளும் கேட்டிருந்தாள். காதில் விழுந்து அப்படியே போயிருந்தது.

தலைவர் மறுக்கவில்லை. அவர் வயது திடீரென்று முகத்தில் ஏறியதுபோல் இருந்தது.

"கண்காணிக்கறவங்கள்ல ஒருத்தருக்காவது சொல்லியாகணும்னு சட்டம்," என்றார். "சொன்னாங்க. சொல்றதுக்கு முன்னாடியே, குழுவுல இருக்கற மத்தவங்களுக்குக்கூடச் சொல்ல மாட்டேன்னு கையெழுத்து வாங்கிட்டாங்க. என்ன விஷயம்னு தெரியாமலே போட்டேன். தெரிஞ்சப்புறம் பேச முடியல. கண்ணைத் திறந்துவிட்டு வாயைத் தெச்சுட்டாங்க."

"வேலை நடக்கறதும் தெரியுமா?"

"அவர் செத்தப்புறம் தெரியும்." சற்றுப் பொறுத்து, "அது போதும் இல்ல?" என்றார். யாரிடம் கேட்டார் என்பது தெரியவில்லை.

அதன்பின் நடந்தவை மெதுவாக நடந்தன. தலைவர் தாமே முழுக் குழுவையும் கூட்டி, தாம் கையெழுத்திட்டதைச் சொல்லிவிட்டு, தலைமைப் பொறுப்பிலிருந்து விலகினார். இரும்புக் கதவுக்கு முத்திரை வைக்கப்பட்டது. துணை இயக்குநர் வேறு பிரிவுக்கு மாற்றப்பட்டார்; அது பதவி உயர்வு என்று பிறகுதான் தெரிந்தது. நலப்பிரிவு இளைஞன் வேலையை விட்டுவிட்டான். அறிக்கை தயாரானபோது டாக்டர் அதை ஆவலோடு வாங்கிப் பார்த்தாள். குழுவுக்கான பிரதி தடிமனாக இருந்தது. முப்பது ஆண்டுகளுக்கு அதைத் திறக்கக் கூடாது. மக்களுக்கான பிரதியில் இருந்தது ஒரே வாக்கியம்: ஓர் ஊழியரின் மரணத்தை ஒட்டிச் சில நடைமுறைக் குறைபாடுகள் கண்டறியப்பட்டுச் சரிசெய்யப்பட்டன. அந்தப் பெண்ணின் மனுவுக்கு, முடித்துவைக்கப்பட்டது என்று பதில் போகவிருந்தது.

"இதுக்குத்தானா சார் இவ்வளவும்?" என்று டாக்டர் கேட்டாள்.

"கதவை மூடியாச்சு," என்றார் நிதானம். "இந்தத் தடவை நிஜமாவே மூடியிருக்காங்களான்னு வருஷா வருஷம் போய்ப் பாக்கணும். நீ போய்ப் பாரு."

சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டார். அந்தக் கூட்ட அறையில் பேசியதை வெளியே சொல்வதில்லை என்று அவரும் கையெழுத்துப் போட்டிருந்தார். அவர் எங்கே கிளம்புகிறார் என்பது டாக்டருக்குப் புரிந்தது. வேலை போய்விடுமே என்று சொல்ல வாயெடுத்தவள், பேசாமல் தன் பையை எடுத்துக்கொண்டு கூட நடந்தாள். அவர் தடுக்கவில்லை.

வீடு ஒரு குறுகிய தெருவின் கடைசியில் இருந்தது. சாயங்கால வெயில் கூடத்துத் தரையில் நீண்டு கிடந்தது. நிதானம் உட்கார்ந்ததும் சுற்றி வளைக்காமல், அவர் உயிரோடு இல்லை என்பதை முதலில் சொன்னார். பிறகு மற்றதைச் சொன்னார். பெட்டியில் இருந்தது என்ன என்பதையும் மறைக்கவில்லை. சொல்லி முடிக்கும்வரை அந்தப் பெண் அழவில்லை. புடவைத் தலைப்பின் ஓரத்தை விரலில் சுற்றுவதும் அவிழ்ப்பதுமாக இருந்தாள்.

"கடைசியில அவர் பக்கத்துல யாராவது இருந்தாங்களா?" என்று கேட்டாள்.

கூட்டம் முடிந்து எல்லோரும் எழுந்தபோது, நிதானம் இயக்குநரைத் தனியே நிறுத்தி இதே கேள்வியைக் கேட்டிருந்தார். அது அறிக்கையில் ஏறவில்லை.

"இருந்தாங்க. அந்த இயக்குநரம்மா. உடம்பு முழுக்க மூடின உடுப்பு போட்டுக்கிட்டு, கடைசி வரைக்கும் அவர் கையைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருக்காங்க. தூங்கக்கூடப் போகலையாம். உங்களைப் பத்தியும் தங்கச்சியைப் பத்தியும் பேசிக்கிட்டே இருந்தாராம், பேச முடிஞ்ச வரைக்கும்."

"அந்தம்மாதானே பொய்யும் சொன்னது?"

"ஆமா."

அவள் அதை ஏற்கவும் இல்லை, தள்ளவும் இல்லை. தெருவில் யாரோ சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனார்கள்.

"இதை எழுதிக் குடுப்பீங்களா?"

"முடியாதும்மா. வெளிய சொல்ல மாட்டேன்னு கையெழுத்துப் போட்டிருக்கேன், நான் இங்க வந்ததே தப்பு. வாயால சொல்லத்தான் முடியும்."

"நீங்க கையெழுத்துப் போட்டிருக்கீங்க. நான் போடல இல்ல?"

"கார் விபத்துன்னு போட்டிருக்கீங்க. இதைப் பேசக்கூடாதுன்னு உங்ககிட்ட யாரும் கையெழுத்து வாங்கல." நிதானத்தின் களைத்த முகத்தில் ஏதோ ஒன்று இளகியது. "நீங்க யார்கிட்ட வேணும்னாலும் சொல்லலாம். எங்க வேணும்னாலும் கேக்கலாம்."

அந்தப் பெண் எழுந்து சமையலறைப் பக்கம் போய், நாத்தனாரைக் கைபிடித்து அழைத்து வந்தாள். அவள் கதவருகிலேயே நின்று எல்லாவற்றையும் கேட்டிருக்க வேண்டும். முகம் முழுக்க நனைந்திருந்தது. இருவரும் தரையில் அடுத்தடுத்து உட்கார்ந்தார்கள். டாக்டரும் நாற்காலியை விட்டிறங்கி அவர்களோடு உட்கார்ந்தாள்.

"முதல்லேருந்து சொல்லுங்க சார்," என்றாள் அந்தப் பெண். "மெதுவாச் சொல்லுங்க. ஒரு வார்த்தை விடாம எங்க மனசுல நிக்கணும்."

நிதானம் தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தார். பிறகு முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தார்.